அட்டை செருகப்படவில்லை

சாவியைத் திருப்பியதும் ஒரு பெண் பேசுவாள்.
ஜப்பானிய மொழி. ஒரே ஒரு வாக்கியம்.
கடன் கிடையாது என்பதையும்
நோகாமல் சொல்லும் வங்கிக்காரியின் குரல்.
ஹராரேயில் இந்த வண்டி வைத்திருக்கும் எல்லோருக்கும்
அவளைத் தெரியும்.
அவள் சொல்வதுதான் தெரியாது.

என்னுடையது சாம்பல் நிற ஃபிட்.
எங்கோ யாரோ ஓட்டி முடித்து,
கப்பலேறி, டர்பனில் இறங்கி,
பெய்ட்பிரிட்ஜில் சுங்கம் கட்டி
என் கைக்கு வந்தபோது
மீட்டரில் ஒரு லட்சத்து நாற்பதாயிரம்.
"சோப்புப் பெட்டியை வாங்கி வந்திருக்கிறாயே நெட்சாய்"
என்றான் அண்ணன் கிவ்மோர்.
அவனுடையது பெரிய வண்டி. வெள்ளை.
நான்கு சக்கரமும் இழுக்குமாம்.
மார்ச்சிலிருந்து மெக்கானிக் வீட்டு வாசலில்
பூனைகளுக்கு நிழல் தருகிறது.

என் வண்டியை யாரும் திரும்பிப் பார்ப்பதில்லை.
கல்லெறிந்தால் இன்னொரு ஃபிட்டின் மேல்தான் விழும்.
அதனால்தான்
எந்தத் தெருமுனையிலும் இதற்கு உதிரிபாகம் உண்டு,
எந்தப் பையனுக்கும் இதன் வயிறு அத்துப்படி.
எட்டு லிட்டரில் மரொண்டேரா போய்த் திரும்பிவிடும்.
இடதுபக்கக் கண்ணாடியை மட்டும்
இரண்டு உள்ளங்கையாலும் அமுக்கி இறக்க வேண்டும்.
குழிகளில் அடிவயிறு உரசும்;
அப்போது எனக்கும் இங்கே உரசும்.

காலை நாலரை. ம்பாரே சந்தை.
பின்னிருக்கையின் அடிப்பலகையை மேலே மடக்கினால்
தரையிலிருந்து கூரைவரை ஓர் அறை.
தக்காளிப் பெட்டி பதினொன்று.
மடியில் வைத்துக்கொள்ள ஆள் கிடைத்தால் பன்னிரண்டு.
போலீஸ்காரர் டார்ச் அடித்துக் கேட்பார்:
"களவு டாக்ஸியா?"
"தக்காளி ஐயா."
முகர்ந்து பார்த்துவிட்டு விடுவார்.
இரண்டு பழம் குறையும்.

ஒருமுறை கதவொன்று ஏற்றினேன், சட்டத்தோடு.
ஒருமுறை பதினாறு கோழிகள்,
அதில் ஒன்று எவொண்டேல் வரை
ஸ்டியரிங்கையே பார்த்துக்கொண்டு வந்தது.

ஒருமுறை, செக்காயின் மகன்.
பெட்டி சின்னது.
பாதி இருக்கையை மடக்கியதில் அடங்கிவிட்டது.
மீதிப் பாதியில் அவள்,
ஒரு கை பெட்டிமேல்.
இன்றைக்கு மட்டும் பேசாதே அம்மா என்று
மனசுக்குள் கெஞ்சித்தான் சாவியைத் திருப்பினேன்.
பேசினாள். அதே மரியாதை, அதே நிதானம்.
பின்னாலிருந்து செக்காய்
"ஆமென்" என்றாள்.
மயானம் வரை வேறு பேச்சில்லை.

போன மாதம், பழுதான ஜீப்போடு
சாலையோரம் நின்றிருந்தவர் மினெகிஷி.
நீரேற்று நிலையத்து பம்பு சரிசெய்ய வந்த எஞ்சினியர்.
பெட்டிகளுக்கு நடுவே உட்கார இடம் செய்தேன்.
சாவி. குரல்.
கண்ணில் நீர் வரும்வரை சிரித்தார்.
அவர் ஊரில் சுங்கச்சாவடிக்கு ஓர் அட்டை உண்டாம்,
கருவியில் செருகிவிட்டால் நிற்காமல் போகலாமாம்.
"அட்டை செருகப்படவில்லை.
அவ்வளவுதான் சொல்கிறாள்."

அவ்வளவுதானா.
ஏழு வருடம், நாளுக்குப் பத்து முறை,
குறை சொல்லியா என்னை வழியனுப்பினாய்?
நானும் சிரித்தேன். அடக்க முடியவில்லை.
பிறகு அந்தப் பெட்டி ஞாபகம் வந்தது,
சிரிப்பு பாதியில் நின்றது.
அவர் ஏனென்று கேட்கவில்லை.
இறங்கும்போது தக்காளிக்குக் காசு நீட்டினார்.
வாங்கிக்கொண்டேன். வியாபாரம் வேறு.

அன்றிரவு அந்தக் கருவியைத் தேடிப் பிடித்து
சந்தை ரசீதை நாலாக மடித்துச் செருகிப் பார்த்தேன்.
ஏமாறவில்லை.
அதையேதான் சொன்னாள்.

கழற்றிப் போடலாம் என்றான் கிவ்மோர்,
ஒரே ஒரு கம்பிதானாம்.
தன் வண்டியின் கம்பிகளை முதலில் எண்ணச் சொன்னேன்.

சனிக்கிழமை செக்காய் வந்தாள்,
விற்பதற்குக் கீரைக்கட்டுகளோடு,
எப்போதும் உட்காரும் அதே பாதி இருக்கையில்.
அவளிடம் சொல்ல வாய் எடுத்தேன் என்பது பொய்.
எடுக்கவில்லை.
சாவியைத் திருப்பினேன்.
அவள் சொன்னாள்.
"ஆமென்" என்றாள் இவள்.
கைப்பிரேக்கை இறக்கினேன்.